லோடு ஏறுது

இதை எழுதாமலே விட்டிருப்பேன். எட்டாம் வகுப்போடு பள்ளிக்கூடத்துக்குக் கும்பிடு போட்டவன் நான். பேசச் சொன்னால் பொழுது சாயும்வரை பேசுவேன். எழுதச் சொன்னால் சின்ன ‘ர’வா பெரிய ‘ற’வா என்று பேனா மூடியைக் கடித்துக்கொண்டு உட்கார்ந்துவிடுவேன். அதோடு, யாரையாவது கேலி செய்யாமல் என்னால் நாலு வரி தாண்ட முடியாது. இந்தக் கதையில் கேலி செய்ய என்னைத் தவிர ஆள் கிடைப்பது கஷ்டம்.

ஆனால் போன வாரம் மம்சாபுரத்திலிருந்து ஓர் அக்கா கடைக்கு வந்தார். ஸ்ரீவில்லிபுத்தூர் பஸ் ஸ்டாண்டுக்கு எதிரே, இரண்டு பால்கோவாக் கடைகளுக்கு நடுவில், பல்லிடுக்கில் மாட்டிய பாக்குத் துண்டு மாதிரி இருக்கிறது நான் வேலை பார்க்கும் செல்போன் கடை. ரீசார்ஜ் போடுவோம், கவர் மாட்டுவோம், பழைய பட்டன் போன்களில் பாட்டும் விளையாட்டும் ஏற்றித் தருவோம். அந்த அக்கா நீட்டிய போனில் எண்களெல்லாம் தேய்ந்து, அஞ்சும் எட்டும் ஒன்றுபோல இருந்தன.

“இதுல ஏதாச்சும் வெளையாட்டு ஏத்திக் குடு தம்பி. லீவு விட்டாச்சு. நான் வேலைக்குப் போயிட்டா பய ஒத்தையில கெடக்கான்.”

“என்ன வெளையாட்டுக்கா வேணும்? பாம்பு இருக்கு, காரு இருக்கு, செங்கல் அடுக்குறது இருக்கு. சூளை வச்சிருக்க ஒங்க ஊர்க்காரங்களுக்குச் செங்கல்தான் சரியா வரும்.”

என் கேலி அவர் காதில் ஏறவில்லை. “எதுன்னாலும் சரி. சத்தம் வாரதாப் பாத்து ஏத்து. வீட்டுல ஆள் இருக்கமாதிரி இருக்கணும்” என்றார்.

வயரை மாட்டினேன். போனில் இடம் இல்லை. பழைய பாட்டு இரண்டை அழித்துவிட்டு மறுபடி ஏற்றினேன். சின்னத் திரையில் ஒரு நீலக் கோடு நத்தை மாதிரி ஊர்ந்தது. ஊர்ந்து பாதியில் நின்றது. மேஜைக்கு மேல் குனிந்து அதையே பார்த்துக்கொண்டிருந்த அந்த அக்கா கேட்டார்:

“லோடு ஏறிட்டா தம்பி?”

வழக்கமாக இதற்கு ஒரு பதில் வைத்திருக்கிறேன். ‘செக்போஸ்ட்டுல நிக்குதுக்கா, கையெழுத்து வாங்கிட்டு வந்துரும்’ என்பேன். வந்தவர்கள் சிரிப்பார்கள். அன்றைக்கு அது நாக்கு நுனி வரை வந்துவிட்டு உள்ளே திரும்பிப் போனது. அதனால்தான் பேனாவை எடுத்திருக்கிறேன்.

எங்கள் வீடு ராஜபாளையத்தில் மில் சங்கு கேட்கிற தூரத்தில் இருந்தது. அப்பா லாரி டிரைவர். பஞ்சும் பேண்டேஜ் துணியும் ஏற்றிக்கொண்டு பம்பாய்ப் பக்கம் போவார், அங்கிருந்து வெங்காயம் ஏற்றிக்கொண்டு வருவார். அவர் வந்தால் டீசலும் வெங்காயமும் கலந்த ஒரு வாசம் அவருக்கு முன்னால் வீட்டுக்குள் நுழையும். அம்மாவுக்கு மில்லில் நூலைக் கோனில் சுற்றும் வேலை. எங்கள் வீட்டில் காலண்டர் இருந்தது, ஆனால் யாரும் அதைப் பார்த்ததில்லை. ‘லோடு’ என்ற ஒரு சொல்லே போதுமானதாக இருந்தது. அப்பா எங்கே? லோடு ஏத்தப் போயிருக்காக. எப்ப வருவாக? லோடு இறங்குனதும். தீபாவளிச் சட்டை எப்போது? அதுவும் லோடு இறங்கினதும்தான்.

எனக்கு எட்டு வயதாக இருந்த அந்த வருஷம், பொங்கல் கழித்துப் போன லோடு முழுப்பரீட்சை லீவு விட்டும் இறங்கவில்லை. போகும்போது அப்பா என்னை லாரியின் படியில் நிற்கவைத்து ஒரு வாக்குக் கொடுத்திருந்தார். “லீவு விடட்டும்ல. ஒன்னையும் வண்டியில ஏத்திட்டுப் போறேன். ஆரனை நீதான் அடிக்கணும்.” லீவு விட்டாகிவிட்டது. ஆரன் அடிக்கும் விரலும் தயாராக இருந்தது. அப்பாவைத்தான் காணவில்லை.

அம்மா வேலைக்குப் போனதும் நான் மெயின் ரோட்டில் இருந்த லாரி செட்டுக்குப் போய் நிற்பேன். முன்பெல்லாம் என்னைத் தூக்கி ஸ்டியரிங்கில் உட்காரவைக்கிற டிரைவர்கள், அந்தக் கோடையில் என்னைக் கண்டதும் டயரைக் குனிந்து பார்க்க ஆரம்பித்தார்கள். அவ்வளவு அக்கறையாக டயர் பார்த்த டிரைவர்களை நான் அதற்கு முன்னும் பார்த்ததில்லை, பின்னும் பார்த்ததில்லை.

ஒரு நாள் ஒரு கிளீனர்ப் பையன் மட்டும் பதில் சொன்னான். “ஒங்கப்பாவா? அவரு ஏத்த வேண்டிய எடத்துல லோடை ஏத்திட்டாருல.”

நாலு பேர் சிரித்தார்கள். ஒரு வயதான டிரைவர் அவன் பிடரியில் ஒன்று வைத்தார். “ஏலே, சின்னப் புள்ளகிட்ட என்ன பேச்சு?”

அடி எதற்கு என்று எனக்கு விளங்கவில்லை. நல்ல சேதி அல்லவா சொல்லியிருக்கிறான்? வீட்டுக்கு ஒரே ஓட்டம். அம்மா வரும்வரை காத்திருந்து, கத்தரிக்காய் நறுக்கிக்கொண்டிருந்தவளிடம் சொன்னேன். “எம்மா, அப்பா லோடு ஏத்திட்டாராம்! செட்டுல எல்லாரும் சொல்லிச் சிரிச்சாங்க.”

அம்மா அரிவாள்மனையை மடக்கி ஓரமாகத் தள்ளினாள். பிறகு, “இனிமே அந்தப் பக்கம் போனேன்னா காலை ஒடிச்சுருவேன்” என்றாள். சந்தோஷச் சேதி சொன்னவனுக்கு இப்படி ஒரு பரிசு.

மறுநாள் சாயங்காலம் மாமா வந்தார். அம்மாவின் தம்பி. ரேடியோ, டிவி ரிப்பேர் கடையில் வேலை. பக்கத்தில் போனால் உருக்கிய ஈயத்தின் வாசம் அடிக்கும். டிவியில் செய்தி வாசிக்கிற அம்மாவுக்கு அங்கிருந்து நம்மைத் தெரியும் என்று சொல்லி, செய்தி நேரத்துக்கு முன்னால் என்னைத் தலை சீவ வைத்த மனிதர் அவர். நானும் பல நாள் படிய வாரிக்கொண்டு, கால்மேல் கால் போடாமல் செய்தி கேட்டிருக்கிறேன்.

மாமா ஒரு துணிப்பையிலிருந்து கறுப்பாக ஒரு பலகையை எடுத்தார். மேலெல்லாம் இங்கிலீஷ் எழுத்து போட்ட ரப்பர்க் கட்டைகள், நடுவில் இரண்டு கட்டைகளைக் காணோம். யாரோ ஒரு முதலாளி மகன் சிங்கப்பூரிலிருந்து கொண்டுவந்து, ரிப்பேருக்குக் கொடுத்துவிட்டு, அலுத்துப்போய் வாங்க வராமல் விட்ட சாமான்.

“மாப்ளே, இதுக்குப் பேரு கம்ப்யூட்டர். இனிமே நீ வீட்டைவிட்டு வெளிய போக வேண்டிய சோலியே இல்ல.”

அதற்குள் தெருப் பயல்கள் எங்கள் சன்னலில் வௌவால் மாதிரித் தொங்கினார்கள். முன்வரிசையில் மாரிக்கனி. பக்கத்து வீடு, என் வயது. அவன் அப்பா என் அப்பாவின் வண்டியில்தான் கிளீனர். ஆனால் அந்த வருஷம் அவர் மட்டும் ஊரில் இருந்தார். அது ஏன் என்று கேட்கும் புத்தி எனக்கு இல்லை.

மாமா பலகையை டிவியில் ஒரு வயரால் மாட்டினார். எங்கள் டேப்ரிக்கார்டரை இன்னொரு வயரால் பலகையில் மாட்டினார். அந்தக் காலத்தில் கம்ப்யூட்டர் விளையாட்டு கேசட்டிலிருந்து சத்தமாகத்தான் பலகைக்குள் ஏறும்; அப்படி ஒரு கேசட்டைப் போட்டுவிட்டு, ரப்பர்க் கட்டைகளில் நாலைத் தேடித் தேடி அழுத்தினார். டேப் ஓட ஆரம்பித்ததும் வந்தது பாருங்கள் ஒரு சத்தம்! தகரத்தைத் தரையில் போட்டு இழுத்தால் வருமே, அதுபோலக் கீய்ய்ய் என்று. மாரிக்கனி இரண்டு காதையும் பொத்தினான். டிவியில் கோடுகோடாக ஓடி, நடுவில் ஒரு சொல் மட்டும் நின்றது.

“என்ன மாமா எழுதிருக்கு?”

“லோடு” என்றார் மாமா. “லோடு ஏறுதுன்னு போட்ருக்கு.”

“யாரு லோடு?”

மாமா ஒரு கணம் அடுப்படியில் நின்ற அம்மாவைப் பார்த்தார். பொய் சொல்வதற்கு முன்னால் மீசையைத் தடவுவது அவர் வழக்கம். தடவினார்.

“வேற யாரு லோடு? ஒங்கப்பா லோடுதான். இங்க முழுசா ஏறி முடிஞ்சா அங்க இறங்கியாச்சுன்னு அர்த்தம். பொறவு அவரு வண்டியத் திருப்பிருவாரு.”

பெருமையாகச் சன்னல் பக்கம் திரும்பிப் பார்த்தேன். மாரிக்கனி கம்பியைப் பிடித்தபடி வாயைத் திறந்துகொண்டு என் மாமாவைப் பார்த்தான்.

அன்றைக்கு லோடு ஏறவில்லை. பாதியில் சத்தம் நின்று, திரையில் வேறு ஏதோ எழுத்து வந்தது. “டயர் பஞ்சர் மாப்ளே” என்றார் மாமா. “நாளைக்கு நீ போடு.” கேசட்டை எங்கே நிறுத்துவது, எந்த நாலு கட்டையை அழுத்துவது என்று சொல்லிக்கொடுத்தார். டேப்பின் சத்தக் குமிழில் அம்மாவின் நகப்பூச்சால் ஒரு சிவப்புக் கோடு போட்டார். “இந்தக் கோட்டைத் தாண்டி வச்சா ஏறாது. கொறச்சு வச்சாலும் ஏறாது. பாதியில தொட்டா மொதல்ல இருந்துதான்.” நான் தப்பில்லாமல் எழுதக் கற்றுக்கொண்ட முதல் இங்கிலீஷ் வார்த்தை அந்த நாலு கட்டைதான்.

மறுநாள் ஒரு சம்பவம். தெருமுனையில் ஐஸ் வண்டி. சுற்றிலும் எங்கள் தெருப் பயல்கள். நடுவில் மாமா. எல்லார் கையிலும் சேமியா ஐஸ். மாமா குனிந்து அவர்களிடம் ஏதோ சொல்லிக்கொண்டிருக்கிறார். பள்ளிக்கூடத்தில் வாத்தியார் முன்னால்கூட அப்படி அடக்கமாக நிற்காத கழுதைகள், ஐஸ் உருகி முழங்கைவரை வழிய, தலையைத் தலையை ஆட்டுகிறார்கள். நான் ஓடிப்போவதற்குள் ஐஸ்காரர் மூடியை மூடிவிட்டார்.

“எனக்கு மாமா?”

“ஒனக்குத்தான் கம்ப்யூட்டரே இருக்கே மாப்ளே! பாவம், இவனுகளுக்கு என்ன இருக்கு?”

எனக்கு அழுகை முட்டியது. மாரிக்கனி தன் ஐஸை என்னிடம் நீட்டினான். பிறகு என்ன நினைத்தானோ, திரும்பி ஓடிவிட்டான்.

அன்றிலிருந்து ஒரு பயலும் என் வீட்டுப் பக்கம் வரவில்லை. சன்னல் காலி. நான் கோலிக்குண்டை எடுத்துக்கொண்டு போனால், அதுவரை கூச்சலாக இருந்த ஆட்டம் சட்டென்று அடங்கும். ஒருவன் டவுசரை இழுத்துவிட்டுக்கொள்வான். இன்னொருவன் வானத்தில் கொக்கு தேடுவான்.

“ஏலே மாரிக்கனி, கம்ப்யூட்டர் பாக்க வாரியா?”

“எங்கம்மா கூப்புடுது” என்று ஓடுவான். அவன் அம்மா அந்த நேரத்தில் மில்லுக்குள் இருப்பாள் என்று எனக்கும் தெரியும், அவனுக்கும் தெரியும்.

பொறாமை என்று முடிவு கட்டினேன். சரிதான் போங்கடா என்று சன்னலை நானே சாத்தினேன். சாத்திய பிறகு வீடு இருட்டாக இருந்தது.

அதற்குப் பிறகு நானும் அந்தப் பலகையும் டேப்பும்தான். சங்கு ஊதி அம்மா போனதும் லோடு ஏற்ற உட்காருவேன். கீய்ய்ய் என்று தகரம் இழுபடும். திரையில் கோடு ஓடும். நான் மூச்சைக்கூட மெதுவாக விடுவேன். என் கணக்கில் அந்தக் கோடுகள்தான் ரோடு. கொஞ்சம் ஓடினால் மதுரை. இன்னும் ஓடினால் சேலம். அதற்கப்பால் எனக்கு ஊர் தெரியாது என்பதால் மறுபடியும் மதுரையில் இருந்தே ஆரம்பிப்பேன். பாதியில் நின்றால் பஞ்சர். கரண்ட் போனால் செக்போஸ்ட். இரண்டும் இல்லாமல் ஏறிக்கொண்டிருக்கும்போது பின்வீட்டு அக்கா மாவு கிரைண்டரைப் போட்டுவிடுவார். டிவியில் புழுப்புழுவாக நெளியும், லோடு அப்படியே விழுந்துவிடும்.

பின்வீட்டு அக்காவுக்கு வீட்டில் தெலுங்கு, எங்களிடம் தமிழ், கோபம் வந்தால் இரண்டும். தெருவுக்கே மாவு ஆட்டிக் கொடுப்பவர். நான் போய் அவர் படியில் நிற்பேன்.

“அக்கா, செத்த நேரம் கிரைண்டரை நிப்பாட்டுறியளா? எங்கப்பா லோடு ஏறுது.”

“ஏமிரா இது? ஒங்கப்பா லோடுக்கும் என் உளுந்துக்கும் என்னடா சம்பந்தம்?”

மாமா சொன்னதை அப்படியே சொன்னேன். இங்கே ஏறினால் அங்கே இறங்கும், அப்பா வண்டியைத் திருப்புவார். அக்காவின் கையில் மாவு நுரை. சுவரில் இருந்த சுவிட்சை முழங்கையால் அமர்த்தினார். பாதி அரைபட்ட உளுந்தோடு கல் நின்றது.

“போ நாயனா. ஏத்து. ஏத்தி முடிச்சுட்டு வந்து சொல்லு.”

எனக்காகக் கிரைண்டர் நின்றது என்பதே அந்தக் கோடையில் எனக்குக் கிடைத்த பெரிய கௌரவம். ஆனாலும் லோடு ஏறவில்லை. கேசட் நைந்துபோயிருந்தது.

ஒரு நாள் காலையில், அம்மா வேலைக்குக் கிளம்பும்போது மாமா சலவைச் சட்டை போட்டுக்கொண்டு வந்து நின்றார். இருவரும் வாசலில் நின்று குறைந்த குரலில் பேசினார்கள்.

“நீ போவாத தம்பி. அவியளா வந்தா வரட்டும்.”

“தானா வாரவருன்னா இம்புட்டு நாள் ஏங்க்கா ஆவுது? ஒருதரம் பேசிப் பாத்துருவோம். நீ சாயங்காலம் வீட்டுல இரு.”

பிறகு என் பக்கம் திரும்பி, மீசையைத் தடவிக்கொண்டே சொன்னார். “மாப்ளே, இன்னைக்கு எப்படியாச்சும் லோடை ஏத்திரு.”

சேத்தூர் பஸ் ஏறிப் போய்விட்டார்.

நான் ஏற்றினேன். எத்தனை முறை பஞ்சர் ஆனது என்று கேட்காதீர்கள். மத்தியானச் சங்கு ஊதி அடங்கிய பிறகு, கிரைண்டர் அக்கா எனக்காக மறுபடி கல்லை நிறுத்திய பிறகு, கேசட் ஓடி ஓடி ஒரு இடத்தில் தானாகச் சத்தம் ஓய்ந்தது. நான் பஞ்சர் என்றே நினைத்தேன். ஆனால் திரையில் கோடுகள் போய், ஒரு ரோடு வந்திருந்தது. நடுவில் ஒரு சின்னக் கட்டம். அதற்கு நாலு சக்கரம் மாதிரி நாலு புள்ளி. கட்டையை அழுத்தினால் இடமும் வலமும் போனது.

நான் அதை விளையாடவில்லை. விளையாட்டு யாருக்கு வேண்டும்? பின்வீட்டுக்கு ஓடி, “ஏறிட்டுக்கா!” என்று கத்தினேன். அவர் முந்தானையால் என் முகத்து வேர்வையைத் துடைத்தார். தெருவுக்கு ஓடினேன். கோலி ஆடிக்கொண்டிருந்தவர்களிடம், “எங்கப்பா வாராருல! லோடு ஏறிட்டு!” என்றேன். அன்றைக்கு ஐஸ் வண்டிப் பக்கத்தில் மாமா முன்னால் நின்ற மாதிரியே எல்லாரும் அடக்கமாக நின்றார்கள். மாரிக்கனி கையில் இருந்த குண்டைக் கீழே போட்டுவிட்டு, “எங்கம்மா கூப்புடுது” என்றான். இந்த முறை ஓடக்கூட இல்லை, நடந்தே போனான்.

சாயங்காலம், சொல்லி வைத்ததுபோல, மாமாவோடு அப்பா வந்தார்.

தெருமுனையில் அவர்கள் திரும்பியதைப் பார்த்ததும் எனக்குக் கால் தரையில் பாவவில்லை. என்னால்தானே வருகிறார்? ஓடிப்போய் இடுப்பைக் கட்டிக்கொண்டேன். ஏதோ வித்தியாசமாக இருந்தது. முகர்ந்து பார்த்தேன். டீசல் இல்லை. வெங்காயம் இல்லை. தேய்த்த சட்டையில் பவுடர் வாசம்.

“வண்டி எங்கப்பா?”

“செட்டுல நிக்கி.”

“பம்பாயில இருந்து எப்பப்பா கெளம்புனீங்க? மத்தியானமா?”

அப்பா மாமாவைப் பார்த்தார். மாமா பொட்டிக்கடைப் பக்கம் பார்த்தார்.

அப்பாவை இழுத்துக்கொண்டு போய் டிவி முன்னால் உட்காரவைத்தேன். அந்த நாலு புள்ளிக் கட்டத்தைக் காட்டி, “இது ஒங்க வண்டிப்பா. நான்தான் ஏத்துனேன்” என்றேன். அப்பா தன் பெரிய விரலால் ரப்பர்க் கட்டையை அழுத்தினார். வண்டி ஓரத்தில் முட்டி வெடித்தது. மறுபடி அழுத்தினார். மறுபடி வெடித்தது. எத்தனையோ காட்டு ரோடுகளைக் கடந்த டிரைவரால் அந்த ரோட்டில் ஒரு வளைவு தாண்ட முடியவில்லை. எனக்குச் சிரிப்பு தாங்கவில்லை.

“ஏலே, இதுல பிரேக்கு எங்க இருக்கு?”

“பிரேக்கே கெடையாதுப்பா. ஒடிச்சு ஒடிச்சுப் போகணும்.”

அப்பா சிரித்தார். அதுதான் நான் பார்த்த அவருடைய நல்ல சிரிப்பு. அப்போது அம்மா உள்ளறையின் வாசலில் வந்து நின்று, “உள்ள வாங்க” என்றாள். கூப்பிட்ட மாதிரி இல்லை, கிணற்றுக்குள்ளிருந்து கேட்ட மாதிரி இருந்தது. அப்பா எழுந்து போனார். கதவுக்குப் பதிலாகத் தொங்கிய துணி ஆடி நின்றது.

மாமா என் பக்கத்தில் உட்கார்ந்தார். “மாப்ளே, இன்னொருதரம் லோடு ஏத்துவமா?”

“அதான் ஏறிட்டே மாமா?”

“இது அடுத்த லோடு. சத்தத்த நல்லாக் கூட்டி வையி.”

“செகப்புக் கோட்டைத் தாண்டுனா ஏறாதுன்னு நீங்கதான சொன்னீங்க?”

“இன்னைக்கு ஏறும்” என்று சொல்லி, குமிழை அவரே கடைசிவரை திருகினார்.

வீடு அதிர்ந்தது. தகரம் இழுபடுகிற சத்தம் சுவரில் மோதி, கூரையில் மோதி, என் பல்லுக்குள் கூசியது. மாமா அந்தத் துணிக்கு முன்னால் போய், எனக்கு முதுகைக் காட்டி, சுவரில் ஒரு கையை ஊன்றி நின்றார். உள்ளே ஏதோ பாத்திரம் உருண்ட மாதிரி இருந்தது. கிரைண்டர் அக்கா மறுபடி போட்டுவிட்டாரோ என்று திரையைப் பார்த்தேன். புழு நெளியவில்லை. கோடுகள் ஓடிக்கொண்டிருந்தன. மதுரை. சேலம்.

துணி விலகி அப்பா வெளியே வந்தார். அவர் கையில் ஒரு பை இருந்தது. என் முன்னால் வந்து குத்துக்காலிட்டு உட்கார்ந்தார். என் தலையில் கையை வைத்து ஏதோ சொன்னார். வாய் அசைந்தது. இரண்டு வாக்கியம் இருக்கும். கடைசியில் புருவத்தை உயர்த்தி, கேள்வி மாதிரி முடித்தார்.

எனக்கு ஒரு சொல்லும் கேட்கவில்லை. குமிழைக் குறைத்திருக்கலாம், கைக்கு எட்டும் தூரம்தான். ஆனால் பாதியில் தொட்டால் லோடு விழுந்துவிடும். அடுத்த லோடு அது. அடுத்த முறை அவரை வரவைக்கப் போகிறது அது. அதனால் கேட்ட மாதிரி பெரிதாகத் தலையாட்டினேன். “சரிப்பா!” என்று சத்தமாகக்கூடச் சொன்னேன்.

அவர் பையை எடுத்துக்கொண்டு எழுந்து போனார். கேசட் முடியும்வரை நான் திரையை விட்டுக் கண்ணை எடுக்கவில்லை. அந்த லோடு ஏறவில்லை. மாமா வந்து வயரைப் பிடுங்கினார். பஞ்சர் என்றுகூடச் சொல்லவில்லை.

மறுநாள் அந்தப் பலகையையும் எடுத்துக்கொண்டு போய்விட்டார். அப்பா அதன்பிறகு எங்கள் வீட்டுக்கு வரவில்லை. கோட்டைத் தாண்டி வைத்ததால்தான் இப்படி ஆயிற்று என்று ரொம்ப நாள் மாமா மேல் கோபமாக இருந்தேன். காலையில் சேத்தூர் பஸ்ஸில் போன மாமா சாயங்காலம் அப்பாவோடு திரும்பிய கணக்கைப் போட்டுப் பார்த்து, பம்பாய் சேத்தூருக்குச் சற்று அந்தப் பக்கம் இருக்கிறது என்று பள்ளிக்கூடத்தில் சொல்லி அடியும் வாங்கினேன்.

என் பூகோளம் அப்படி ஒன்றும் மோசமில்லை என்று பின்னால் தெரிந்தது. சேத்தூருக்குப் பக்கத்தில்தான் தேவதானம். பொங்கலில் இருந்தே அப்பா அங்கேதான், வேறொரு வீட்டில் இருந்தார். பஸ் ஏறினால், தூக்குச்சட்டியில் வைத்த குழம்பு சூடு ஆறுவதற்குள் போய் இறங்கிவிடலாம். நான் பலகையின் முன்னால் மூச்சடக்கி உட்கார்ந்து மதுரை, சேலம் என்று ஓட்டிக்கொண்டிருந்த லாரி வேறு யார் கையிலோ ஓடிக்கொண்டிருந்தது. நான் செட்டுக்குப் போய் யார் வாயிலாவது அதைக் கேட்டுவிடக் கூடாது என்றுதான் மாமா அந்தச் சாமானைக் கொண்டுவந்து என்னை வீட்டில் கட்டிப்போட்டார். இதையெல்லாம் மீசை முளைத்த பிறகு நானே ஒவ்வொன்றாகச் சேர்த்துப் புரிந்துகொண்டேன். யாரும் உட்காரவைத்துச் சொல்லவில்லை. அப்பா குனிந்து என்ன கேட்டார், நான் எதற்குச் ‘சரிப்பா’ என்றேன் என்பது மட்டும் இன்றுவரை தெரியாது.

இன்னொன்றும் விளங்காமல் இருந்தது. அந்தப் பயல்கள். அத்தனை பெரிய லீவில் ஒருத்தன்கூட என் பக்கம் எட்டிப் பார்க்கவில்லை. பொறாமை என்ற என் தீர்ப்பை நான் மாற்றவே இல்லை. மாரிக்கனி இப்போது சொந்தமாக லாரி ஓட்டுகிறான், நாசிக் லைன். எங்கே பார்த்தாலும், “வாடா பொறாமை புடிச்ச பயலே, கம்ப்யூட்டர் பாக்க வாரியா?” என்றுதான் ஆரம்பிப்பேன். அவன் டீ வாங்கிக் கொடுத்துவிட்டுப் போய்விடுவான்.

அந்த மம்சாபுரத்து அக்காவின் போனில் கார் விளையாட்டு ஏறியது. சத்தம் வருகிறதா என்று போட்டுக் காட்டினேன். அவருக்குத் திருப்தி. கையில் கொடுக்கும் முன்னால் சத்தத்தைப் பாதியாகக் குறைத்து வைத்தேன்.

அவர் போனதும் என் பட்டன் போனை எடுத்து மாரிக்கனிக்கு ஒரு மெசேஜ் தட்டினேன். கேலியாகத்தான் ஆரம்பித்தேன், கேலியாக முடியவில்லை: ‘ஏலே, உண்மையச் சொல்லு, அந்த லீவுல ஏன் ஒருத்தனும் வெளையாட வரல, பொறாமைதான?’

எங்கேயோ செக்போஸ்ட்டில் நின்றிருப்பான் போல. ராத்திரி கடையடைக்கும் நேரத்துக்குத்தான் பதில் வந்தது:

‘ஒன்னப் பாத்தா வாய் ஒளறிரும்னுதான் வரலலே, ஒன்கிட்ட சொல்லக் கூடாதுன்னு ஒங்க மாமா வாங்கித் தந்த அந்தச் சேமியா ஐஸ் எனக்கு இன்னும் இறங்கல.’